துணை வேஷத்தின் பரம்பரை: இத்தாலியத் திரையில் ஒரு பழந்தொழிலின் சரித்திரம்

'காட்ஃபாதர்' படத்தின் இரண்டாம் பாகத்தைக் கண்டவர்கள், அதில் சிறிது நேரமே வந்துபோகும் ரொபெர்த்தோ என்னும் வீட்டுச் சொந்தக்காரரை மறந்திருக்க மாட்டார்கள். ஓர் ஏழை விதவையைக் குடியிருப்பிலிருந்து வெளியேற்றத் துணிந்து, அவளுக்காகப் பரிந்து பேச வந்த இளைஞனைத் தெருவில் அலட்சியமாகப் பேசி அனுப்பிவிட்ட அம்மனிதர், அவ்விளைஞன் இன்னான் என்பதை அக்கம்பக்கத்தில் விசாரித்து அறிந்துகொண்ட பின், அவனுடைய அலுவலகத்துக்குத் தாமே ஓடிவந்து, வாடகையைப் பழையபடியே வைப்பதாகச் சொல்லி, அதுவும் போதாதோ என்ற அச்சத்தில் குறைத்து, பின்னும் குறைத்து, விடைபெற்று வெளியேறும் தறுவாயில் கதவைத் திறக்க முடியாமல் திண்டாடுகிறார். அவ்விளைஞனாக நடித்த ராபர்ட் டி நிரோ அக்காட்சியில் பெரும்பாலும் மௌனமாகவே அமர்ந்திருக்கிறார். அவர் ஏற்ற பாத்திரத்தின் வல்லமை இன்னதென்று நமக்கு அறிவிப்பது, எதிரில் நிற்பவருடைய நடுக்கமே.

அந்த நடுக்கத்துக்கு உரியவர் லெயொபோல்தோ த்ரியெஸ்தே. 1917-ஆம் ஆண்டு மே மாதம் 3-ஆம் தேதி, இத்தாலியத் தீபகற்பத்தின் தென்கோடியில், நீர்ச்சந்திக்கு அப்பால் சிசிலித் தீவு கண்ணுக்குத் தெரியும் ரெஜ்ஜோ கலாப்ரியா நகரத்தில் பிறந்தவர். நாற்பது வருஷங்களுக்கு மேலாக இத்தாலியத் திரையில் பாதிரியாராகவும், பிரபுவாகவும், ஓவியனாகவும், விடுதி மேலாளராகவும் தோன்றியவர். இத்தகைய நடிகரை இத்தாலியர் 'கரத்தெரிஸ்தா' என்று அழைப்பார்கள். நம்மவர்கள் குணசித்திர நடிகர் என்பார்கள். அவருடைய ஆற்றல் ஒரு தனி மனிதருடைய சாமர்த்தியமாக மாத்திரம் எனக்குத் தோன்றவில்லை. அதற்குப் பின்னால் நானூறு வருஷத்துக்கு மேற்பட்ட ஒரு தொழில் நிற்கிறது. சினிமா சரித்திரக்காரர்கள் டைரக்டர்களைப் பற்றியும் நாயக நாயகியரைப் பற்றியும் நூற்றுக்கணக்கான நூல்களை இயற்றியிருந்தும், இந்தத் தொழிலின் சரித்திரத்தை அநேகமாக அடிக்குறிப்பிலேயே விட்டுவிட்டார்கள் என்பது என் நெடுநாளைய மனக்குறை.

1545-ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம் 25-ஆம் தேதி, பாதுவா நகரத்தில் நோட்டரி ஒருவர் முன்னிலையில் எட்டு மனிதர்கள் கூடி ஓர் ஒப்பந்தம் எழுதிக்கொண்டார்கள். மாஃபியோ என்பவரைத் தலைவராக ஏற்று, அடுத்த வருஷத்துத் தவக்காலம் வரையில் ஊர் ஊராகச் சென்று நாடகம் ஆடுவது, வரும்படியைப் பொதுவில் வைப்பது, அப்பணம் இருக்கும் பெட்டிக்கு மூன்று சாவிகள் இருப்பது, தங்களுள் ஒருவன் நோயுற்றால் பொதுப்பணத்திலிருந்தே அவனைப் பராமரிப்பது, சாமான்களைச் சுமக்க ஒரு குதிரை வாங்குவது என்பன அதில் கண்ட ஷரத்துகள். ஐரோப்பாவில் நடிப்பை ஜீவனோபாயமாகக் கொண்ட குழுவொன்றின் மிகப் பழைய ஒப்பந்தங்களுள் இது ஒன்று. பெட்டியையும் குதிரையையும் நோயாளியையும் பற்றி இவ்வளவு கவனமாக எழுதியவர்கள் கலையைப் பற்றி அதில் பிரசங்கம் ஏதும் செய்யவில்லை. வயிற்றுப்பாட்டையும் பரஸ்பர நம்பிக்கையையும் அஸ்திவாரமாகக் கொண்டு எழுந்த தொழில் இது என்பதை அந்தப் பத்திரம் தெளிவாகக் காட்டுகிறது.

அவர்கள் வழியில் வந்த குழுக்களில் ஒவ்வொரு நடிகனுக்கும் ஒரு வேஷம் ஆயுட்கால உரிமையாக அமைந்தது. வெனிஸ் நகரத்து வயோதிக வியாபாரி பாந்தலோனே, பொலோஞ்ஞா நகரத்து வாயாடிப் பண்டிதர், பெர்காமோ பகுதியிலிருந்து பிழைப்புத் தேடி வந்த வேலைக்காரர்கள் என ஒவ்வொரு வேஷத்துக்கும் ஓர் ஊரும், ஒரு பேச்சு வழக்கும், ஒரு முகமூடியும் உண்டு. பதினெட்டாம் நூற்றாண்டில் கார்லோ கோல்தோனி என்னும் வெனிஸ் நாடகாசிரியர், பாந்தலோனே வேஷத்தில் பெயர்பெற்ற தார்பெஸ் என்ற நடிகர் முகமூடியில்லாமல் நடிப்பதற்கென்றே பாத்திரங்களை எழுதினார். 1750-ஆம் ஆண்டில் ஒரே பருவத்தில் பதினாறு புதிய நாடகங்களைத் தருவதாக வாக்களித்து அப்படியே தந்தார். முகமூடி கழன்றது, ஊரும் பேச்சும் சுபாவமும் முகத்தின்மேல் தங்கின. கரத்தெரிஸ்தாவின் ஜன்மம் அங்கேதான் என்று நான் கொள்கிறேன்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இத்தாலிய நாடகக் கம்பெனிகள் இந்த வேஷப் பாகுபாட்டைச் சாசனமாகவே ஆக்கிவிட்டன. முதல் நாயகன், முதல் நாயகி, இளங்காதலன், குலமாதாவாகிய தாய், பணிப்பெண், கரத்தெரிஸ்தா என்று நடிகரின் ஸ்தானம் ஒப்பந்தத்திலேயே எழுதப்படும். ஒப்பந்தம் பெரும்பாலும் மூன்று வருஷத்துக்கு. நாடக வருஷம் தவக்காலத்தின் முதல் நாள் தொடங்கி மறுவருஷத்துக் கார்னிவல் கொண்டாட்டத்தின் கடைசி நாளோடு முடியும். உடைகளை நடிகர் தாமே தேடிக்கொள்ள வேண்டும். இப்படிப்பட்ட கம்பெனிகளில் பிறந்து, மேடையின் ஓரத்தில் தூங்கி, நடக்கத் தெரிந்தவுடன் குழந்தை வேஷம் கட்டி வளர்ந்தவர்களை இத்தாலியர் 'கலையின் மக்கள்' என்று இன்றும் சொல்கிறார்கள்.

அம்மக்களுள் ஒருவர் நேப்பிள்ஸ் நகரத்துத் தீனா பீகா. 1884-ஆம் ஆண்டில் நடிகர் குடும்பத்தில் பிறந்த அவர், குழந்தைப் பருவம் முதலே மேடையேறி, பிற்காலத்தில் எதுவார்தோ தெ பிலிப்போவின் கம்பெனியில் நடித்தவர். 1953-ஆம் ஆண்டில், எழுபது வயதை நெருங்கிய காலத்தில், லூயீஜி கொமெஞ்சினியின் 'ரொட்டி, காதல், கற்பனை' என்ற படத்தில், வித்தோரியோ தெ சீகா ஏற்ற போலீஸ் அதிகாரியின் வீட்டு வேலைக்காரியாகக் கரகரத்த குரலோடும் வளையாத முதுகோடும் அவர் நடந்து வந்தபோது, தேசம் முழுவதும் அந்தக் கிழவியைக் கொண்டாடியது. நான்கு வருஷங்களுக்குப் பின் 'பாட்டி ஸபெல்லா' என்ற படத்தில் அவரையே நடுநாயகமாக வைத்துக் கதை பின்னினார்கள்.

ஆனால் பழைய கம்பெனியில் இல்லாத ஒரு விசித்திரம் சினிமாவில் புகுந்தது. 1937-ஆம் ஆண்டு ஏப்ரல் 28-ஆம் தேதி ரோமாபுரிக்கு வெளியே சினெச்சித்தா ஸ்டுடியோ திறக்கப்பட்டது. யுத்தத்துக்குப் பின் பல தசாப்தங்கள் வரையில், இத்தாலியப் படங்கள் பெரும்பாலும் முதலில் காட்சியாகப் பிடிக்கப்பட்டு, பேச்சு பிறகு தனியே பதிவு செய்யப்பட்டன. ஆகவே முகம் ஒருவருடையதாகவும் குரல் மற்றொருவருடையதாகவும் இருக்கலாயிற்று. மரியோ மோனிச்செல்லி 1958-இல் எடுத்த 'இ ஸோலித்தி இஞ்ஞோத்தி' இதற்குப் பிரசித்தமான உதாரணம். அடகுக் கடையைக் கொள்ளையிட முயன்று தோற்கும் திருடர் கூட்டத்தைப் பற்றிய அப்படத்தில், எந்நேரமும் தின்றுகொண்டேயிருக்கும் கபன்னெல்லே என்ற கிழவனாக வருபவர் கார்லோ பிஸகானே. நேப்பிள்ஸ் மேடையில் பழுத்தவர். படத்தில் அவர் வாயிலிருந்து வருவதோ நீகோ பெபே பேசிய பொலோஞ்ஞா வழக்கு. தன் தங்கையை வீட்டுக்குள் பூட்டி வைக்கும் சிசிலிக்காரன் ஃபெர்ரிபொத்தேயாக வரும் திபேரியோ முர்ஜா சார்தீனியா தீவினர். பெல்ஜியத்துச் சுரங்கத்தில் வேலை செய்தவர். ரோமாபுரியில் ஓர் உணவு விடுதியில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தபோது கண்டெடுக்கப்பட்டவர். அவருக்குக் குரல் கொடுத்தவரும் வேறொருவரே. சார்தீனியாவில் பிறந்த அம்மனிதர் அதற்குப் பின் நூற்றுக்கு மேற்பட்ட படங்களில் நடித்து, அவற்றுள் பெரும்பாலானவற்றில் சிசிலிக்காரராகவே வாழ்ந்து தீர்த்தார்.

நடிகனிடமிருந்து குரலைப் பிரிப்பது அவனுடைய செல்வத்தில் பாதியைப் பறிப்பதாகும். அதை அநியாயம் என்றே நான் கருதுகிறேன். எனினும் அந்த அநியாயத்திலிருந்தே, எந்தத் தனி மனிதனிடத்தும் காணமுடியாத, ஆனால் தேசம் முழுவதும் அடையாளம் கண்டுகொண்ட மனிதர்கள் பிறந்தார்கள் என்பதையும் மறுப்பதற்கில்லை. ஒரே கட்டடத்து மாடிப்படியில் பத்து ஊர்ப் பேச்சுகள் மோதிக்கொண்ட யுத்தத்துக்குப் பிந்திய ரோமாபுரியில், பழைய முகமூடி நாடகத்தின் ஊர்ப் பாகுபாடு இவ்வாறு மறுஜன்மம் எடுத்தது. முர்ஜாவைப் போலத் தெருவிலிருந்து வந்தவர்கள் எல்லோருக்கும் அதிர்ஷ்டம் வாய்த்துவிடவில்லை. 1948-இல் 'சைக்கிள் திருடர்கள்' படத்தின் தலைமைப் பாத்திரத்தை ஏற்று உலகப் புகழ் பெற்ற லம்பெர்த்தோ மஜ்ஜோரானி, ஆலைத் தொழிலாளி. படத்துக்குப் பின் ஆலை வேலையையும் இழந்து, நடிப்பிலும் நிலைபெறாமல் சிரமப்பட்டார். தலைமை வேஷம் ஒருமுறை வந்து போவது. துணை வேஷமோ தொழிலாக நிலைக்கக்கூடியது.

த்ரியெஸ்தே இவ்விரு வகையிலும் சேராதவர். அவர் கலையின் மகனும் அல்லர், தெருவிலிருந்து அழைக்கப்பட்டவரும் அல்லர். யுத்தம் ஓய்ந்த வருஷங்களில் ரோமாபுரியில் பேசப்பட்ட நாடகாசிரியர். பியெத்ரோ ஜெர்மியின் 'இழந்த இளமை' என்னும் படத்தின் திரைக்கதையிலும் அவருக்குப் பங்கு உண்டு. எழுத்தாளராகவே ஆயுளைக் கழிக்க எண்ணியிருந்த அவரைக் காமிராவுக்கு முன் நிறுத்தியவர் ஃபெதெரிகோ ஃபெலினி. ஃபெலினி தனித்து டைரக்ட் செய்த முதற் படமாகிய 'வெள்ளை ஷேக்' 1952-இல் வெளிவந்தது. தேனிலவுக்கு ரோமாபுரி வந்திறங்கிய இவான் கவாலி என்னும் நாட்டுப்புற மாப்பிள்ளை, உறவினரைச் சந்திப்பது, போப்பாண்டவரைத் தரிசிப்பது என்று மணிக்கணக்கில் திட்டமிட்டு வைத்திருக்க, புதுமனைவியோ படக்கதைப் பத்திரிகையின் நாயகன் ஒருவனைக் காணும் மோகத்தில் சொல்லாமல் வெளியேறி விடுகிறாள். கௌரவம் போய்விடுமே என்ற பயத்தில் அவளுக்கு உடம்பு சரியில்லையென்று உறவினரிடம் பொய் சொல்லிச் சொல்லி, வியர்த்து, கண்பிதுங்கி, இரவில் நீரூற்றங்கரையில் உட்கார்ந்து அழுகிற இவானைக் கண்டு நாம் சிரிக்கிறோம்; சிரித்துக்கொண்டிருக்கும்போதே நெஞ்சு கனக்கிறது. படம் அக்காலத்தில் வசூலில் தோல்வியுற்றது. மறுவருஷம் வந்த 'இ வித்தெல்லோனி'யில், கடற்கரைச் சிற்றூரில் வேலையற்றுத் திரியும் ஐந்து இளைஞர்களுள், இரவெல்லாம் நாடகம் எழுதும் ஒருவனாக, தம் சொந்தப் பெயராகிய லெயொபோல்தோ என்பதைத் தாங்கியே அவர் தோன்றினார். ஊருக்கு வந்த முதிய நாடக நடிகரிடம் அவ்விளைஞன் தன் நாடகத்தைப் படித்துக் காட்டுகிறான். அம்முதியவராக நடித்தவர் ஆச்சில்லே மயெரோனி. 1881-ஆம் ஆண்டில் பிறந்து பழைய மேடையைக் கண்டவர். நாடகாசிரியனாக நடிக்கும் மெய்யான நாடகாசிரியரும், கிழநடிகனாக நடிக்கும் மெய்யான கிழநடிகரும் எதிரெதிரே அமர்ந்த அக்காட்சியில், பழைய தொழில் புதியதைப் பார்த்துக்கொண்டதாகவே எனக்குப் படுகிறது. அதிலும் த்ரியெஸ்தேக்குப் பேசுவது வேறொருவர் குரலே.

இடையில் அவர் தாமே படங்களை டைரக்ட் செய்தும் பார்த்தார். அவற்றைப் பற்றி அதிகம் சொல்லவேண்டியதில்லை. அவரை மீண்டும் தக்க இடத்தில் நிறுத்தியவர் ஜெர்மி. 1961-இல் வெளிவந்த 'இத்தாலிய முறையில் விவாகரத்து' என்ற படத்தில் முன்னாள் காதலியைத் தேடிவரும் கூச்சமுள்ள ஓவியன் கார்மெலோ பத்தனேயாக நடித்தார். ஆயினும் 1964-இல் வந்த 'மயக்கிக் கைவிடப்பட்டவள்' என்ற படமே, இத்தாலியத் துணை நடிகர்களின் கலை உச்சியைத் தொட்ட இடம் என்பது என் முடிபு.

சிசிலித் தீவின் ஷாக்கா என்னும் ஊரில், தன் இளைய மகள் அக்காளின் நிச்சயிக்கப்பட்ட மாப்பிள்ளையாலேயே கெடுக்கப்பட்டாள் என்று அறிந்த தந்தை, மகளின் துயரத்தை எள்ளளவும் கருதாது, குடும்ப கௌரவம் ஒன்றையே கருதி ஊரை ஆட்டிப் படைக்கும் கதை அது. பலாத்காரம் செய்தவன் அப்பெண்ணையே மணந்துகொண்டால் குற்றம் அழிந்துபோகும் என்று கூறிய இத்தாலியத் தண்டனைச் சட்டத்தின் 544-ஆம் ஷரத்தை நடுத்தெருவில் நிறுத்தி வைத்த படம். அந்த ஷரத்து 1981-ஆம் ஆண்டில்தான் ரத்தாயிற்று. தந்தை வின்சென்ஸோ அஸ்கலோனேயாக வரும் ஸாரோ உர்த்ஸி, 1913-ஆம் ஆண்டில் கத்தானியாவில் பிறந்து, பல கூலித் தொழில்களைச் செய்து அலுத்து, சினிமாவில் சிறு வேஷங்களிலேயே வளர்ந்தவர். 1949-இல் ஜெர்மி எடுத்த 'சட்டத்தின் பெயரால்' படம் தொட்டு அந்த டைரக்டரின் நம்பிக்கைக்குரியவர். வாழ்நாள் முழுவதும் ஓரத்தில் நின்ற அவர் தலையில் இம்முறை படம் முழுவதும் சுமத்தப்பட்டது. வீதியில் தொப்பியை உயர்த்திச் சிரித்து நடந்து, வீட்டுக்குள் நுழைந்த மறுகணம் இடியாக வெடிக்கும் அவருடைய தேகமே ஒரு சட்டப் புத்தகமாக இருக்கிறது. அவ்வருஷம் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகருக்குரிய பரிசு, ஹங்கேரி நாட்டு அந்தல் பாகெரோடு பகிர்ந்து, அவருக்கு அளிக்கப்பட்டது.

அதே படத்தில், மாப்பிள்ளையை இழந்த மூத்த மகளுக்கு வேறு வரன் தேடும் அஸ்கலோனேயின் கையில் அகப்படுபவர், வறுமையால் பாழடைந்த மாளிகையில் பல்லும் பணமும் இன்றி உயிரை விடத் துணிந்திருக்கும் ரிஸியெரி பிரபு. அந்தப் பிரபுவே த்ரியெஸ்தே. பிரபு பட்டத்தைச் சம்பந்தமாகப் பெறும் ஆசையில் அவருக்குச் சோறு போட்டு, பல்வரிசையும் கட்டித் தருகிறார் அஸ்கலோனே. பசித்தவன் உணவைக் கண்டபோதும் வம்சத்தின் மரியாதையை விட்டுவிடாமல் இருக்கப் படும் பாட்டை, த்ரியெஸ்தே தம் கண்ணிமைகளாலும் விரல் நுனிகளாலும் காட்டுகிறார். ஒருவர் கர்ஜனை, மற்றவர் முனகல். ஒருவர் கௌரவத்தை ஆயுதமாக ஏந்தியவர், மற்றவர் கௌரவத்தின் கந்தையைப் போர்த்தியவர். இருவரும் ஒரே காட்சியில் நிற்கும்போது, தென்னாட்டு இத்தாலிய சமூகத்தின் மேல்தட்டும் நடுத்தட்டும் ஒரு மேஜைக்கு இருபுறமும் வந்து உட்கார்ந்துவிட்டன. இத்தனையும் கதாநாயகன் என்று சொல்லத்தக்க ஒருவரும் இல்லாமலே நடந்தேறுகிறது. அந்த வேஷத்துக்காக இத்தாலியப் பத்திரிகையாளர்கள் வழங்கும் வெள்ளி நாடாப் பரிசைத் த்ரியெஸ்தே பெற்றார். அமெரிக்க டைரக்டர் கொப்போலா 1972-இல் முதல் 'காட்ஃபாதர்' படத்தில் சிசிலிப் பெண் அப்பொல்லோனியாவின் தந்தையாக உர்த்ஸியையும், இரண்டாம் பாகத்தில் வீட்டுச் சொந்தக்காரராகத் த்ரியெஸ்தேயையும் அழைத்துக்கொண்டார் என்பதிலிருந்து, அவர் இத்தொழிலின் அருமையை அறிந்தவர் என்று தெரிகிறது.

திரைக்கு அப்பால் இன்னொரு வாசலும் அக்காலத்தில் திறந்தது. 1954-ஆம் ஆண்டு ஜனவரி 3-ஆம் தேதி இத்தாலிய அரசாங்க ஒலிபரப்பாகிய ராய் தன் டெலிவிஷனைத் தொடங்கியது. 1957 முதல் 1977-இன் முதல் நாள் வரை இரவுதோறும் காட்டப்பட்ட 'கரோஸெல்லோ' என்ற விளம்பர நிகழ்ச்சியில், ஒவ்வொரு விளம்பரத்துக்கும் முன்பு ஒரு சிறு நாடகம் நடைபெற வேண்டும், சரக்கின் பெயர் கடைசியில்தான் வரலாம் என்பது விதி. இரண்டு நிமிஷத்துக்குள் ஒரு மனிதனை முழுவதுமாக நிறுத்திக் காட்டவல்லவர் யார்? கரத்தெரிஸ்தாதான். வெனிஸில் பிறந்து, மேடையிலும் திரையிலும் குரல் பதிவிலும் பல வருஷம் உழைத்த ச்சேஸரே போலாக்கோ, தவறே செய்யாத துப்பறியும் இன்ஸ்பெக்டர் ராக் ஆக வந்து, தாமும் ஒரு பிழை செய்ததுண்டு என்று தொப்பியைக் கழற்றி வழுக்கைத் தலையைக் காட்டி, கேசத் தைலத்தைச் சிபாரிசு செய்வார். அந்த வழுக்கைத் தலை அவருடைய மற்ற வேஷங்கள் யாவற்றையும் மறைத்துவிட்டது. எனினும் தொழிலாளிக்கு அது நல்ல வாழ்வளித்தது.

தொடர் நாடகங்களும் பெருகின. மெஸ்ஸினாவில் பிறந்து, பிரேஸில் தேசத்தில் நெடுங்காலம் நாடகமும் படமும் டைரக்ட் செய்து திரும்பிய அதோல்ஃபோ செலி, 1965-இல் ஜேம்ஸ் பாண்ட் படமாகிய 'தண்டர்பாலி'ல் வில்லனாக வந்தபோதும் அவர் குரலை நீக்கி வேறொருவரைப் பேசவைத்தார்கள். 1976-இல் ராய் ஒளிபரப்பிய 'சந்தோகான்' தொடரில் ஆங்கிலேய ராஜா ஜேம்ஸ் புரூக்காக அவர் நடித்தார். அதில் நாயகனாகி இத்தாலி தேசமெங்கும் கொண்டாடப்பட்டவர் நம் நாட்டுக் கபீர் பேடி. த்ரியெஸ்தேயும் 1985-இல் வந்த 'குவோ வாதிஸ்' தொடரில், கிறிஸ்தவர்களைக் காட்டிக்கொடுக்கும் கிரேக்க வஞ்சகன் கீலோனாகத் தோன்றினார்.

ஆனால் அதே டெலிவிஷன் இத்தொழிலின் வேரையும் அறுத்தது. 1955-ஆம் ஆண்டில் இத்தாலியச் சினிமாக் கொட்டகைகளில் விற்ற டிக்கெட்டுகள் சுமார் 82 கோடி. முப்பது வருஷத்தில் அது 12 கோடி அளவுக்குச் சுருங்கியது. 1976-இல் தனியார் நிலையங்களுக்கு வழி திறந்தபின் வீழ்ச்சி விரைந்தது. 1960-களில் வருஷத்துக்கு 200-க்கு மேற்பட்ட படங்கள் எடுக்கப்பட்டபோது, ஒரு துணை நடிகர் வருஷத்துக்கு ஐந்தாறு படங்களில் நடித்துக் கையைப் பழக்கிக்கொள்ள முடிந்தது. படங்கள் குறைந்ததும் முதலில் இல்லாமற் போனவை ஐந்து நிமிஷ வேஷங்களே. கம்பெனிகளோ அதற்கு முன்பே மறைந்துவிட்டன. கற்றுக்கொள்ள இடமில்லாத தொழில் எப்படிப் பிழைக்கும்?

த்ரியெஸ்தேயின் அதிர்ஷ்டம், அவருடைய முதுமையில் ஜுசெப்பே தொர்னத்தோரே என்ற சிசிலிய டைரக்டர் வந்து சேர்ந்தது. 1988-இல் 'சினிமா பாரதீஸோ'வில், ஊர்க் கொட்டகையில் தனியே அமர்ந்து படத்தைப் பார்த்து, முத்தக் காட்சி வரும்போதெல்லாம் மணியடித்து அதை வெட்டச் சொல்லும் பாதிரியார் அதெல்ஃபியோ அவரே. 1995-இல் அதே டைரக்டரின் 'நட்சத்திர மனித'னில், காமிராவோடு ஊர் ஊராகத் திரிந்து, நடிகராக்குவதாகச் சொல்லி ஜனங்களை ஏமாற்றுபவன் முன்னால் வந்து நிற்கும் ஊமை முதியவரும் அவரே. பிறர் குரலில் பேசித் தொடங்கிய நடிகர், பேச்சற்ற வேஷத்துக்காக மறுவருஷம் தம் நாட்டின் தாவீத் பரிசைச் சிறந்த துணை நடிகராகப் பெற்றார். 2003-ஆம் ஆண்டு ஜனவரி 25-ஆம் தேதி ரோமாபுரியில் காலமானார்.

'வெள்ளை ஷேக்', 'மயக்கிக் கைவிடப்பட்டவள்', 'நட்சத்திர மனிதன்' ஆகிய மூன்று படங்களும் இன்று முயன்றால் பார்க்கக் கிடைக்கும். வாசகர்கள் அவற்றை இந்த வரிசையிலேயே, கதையைச் சற்றே மறந்து, த்ரியெஸ்தே ஒருவரையே கவனித்துப் பார்க்க வேண்டுமென்று கேட்டுக்கொள்கிறேன்.